இரண்டு விநாடி வேலை

2023-ஆம் ஆண்டின் அமெரிக்கக் கல்லூரிக் கால்பந்துப் பருவத்தில் அயோவா பல்கலைக்கழக அணி 14 ஆட்டங்கள் ஆடி 10-இல் வென்றது. ஆனால் பந்தை முன்னேற்றிக்கொண்டு போவதில் நாட்டின் முதல்நிலைக் கல்லூரி அணிகள் 133-இல் கடைசி இடம் அந்த அணிக்குத்தான். ஓர் ஆட்டத்துக்குச் சராசரியாக 234 கஜம். பருவம் முழுக்கக் கூட்டினாலும் சுமார் 3,300 கஜம். அதே அணியில் ஒரே ஓர் ஆள் தன் காலால் உதைத்து அனுப்பிய மொத்தத் தூரம் 4,479 கஜம். நான்கு கிலோமீட்டருக்கும் மேல்.

அவர் பெயர் டோரி டெய்லர். ஆஸ்திரேலியாவின் மெல்போர்ன் நகரத்துக்காரர். அணியில் அவர் வகித்த இடம் பன்டர். இனிப் பந்தை நம் வசம் வைத்திருக்க முடியாது என்று அணி முடிவெடுக்கும் நேரத்தில் களத்துக்குள் வந்து, அதை எதிரணியின் எல்லைக்குள் வெகுதூரம் உதைத்து அனுப்பிவிட்டு வெளியே போகிறவர். அந்த ஒரு பருவத்தில் டெய்லர் 93 முறை உதைத்தார். ஒவ்வொன்றும் சராசரியாக 48 கஜத்துக்கு மேல். ஒரு பருவத்தின் மொத்த உதைத் தூரத்தில் இதற்கு முன்பிருந்த சாதனை மிச்சிகன் ஸ்டேட் அணியின் ஜானி பிங்கல் 1938-இல் வைத்தது. 85 ஆண்டுகள் அசையாமல் இருந்த எண் அது.

இந்த ஆட்டத்தைத் தொலைக்காட்சியில் சற்று நேரம் பார்த்துவிட்டு, ஒன்றும் பிடிபடாமல் சேனலை மாற்றியவர்கள் நம்மில் நிறையப் பேர் உண்டு. பன்டரைப் புரிந்துகொள்ள ஒரே ஒரு விதி தெரிந்தால் போதும். மைதானத்தின் நீளம் 100 கஜம். பந்தை வைத்திருக்கும் அணிக்கு நான்கு வாய்ப்புகள். அதற்குள் 10 கஜம் முன்னேறிவிட்டால் மறுபடியும் புதிதாக நான்கு கிடைக்கும். முன்னேறாவிட்டால் பந்து எங்கே நிற்கிறதோ அங்கேயே எதிரணியின் கைக்குப் போய்விடும். மூன்று வாய்ப்புகள் வீணாகி, தன் கோல்கோட்டிலிருந்து 25 கஜத்தில் நிற்கும் அணி நான்காவதையும் முயன்று தோற்றால், எதிரிக்கு வீட்டு வாசலிலேயே பந்தைக் கொடுத்த மாதிரிதான். ஆகவே நான்காவது வாய்ப்பில் பன்டர் வருகிறார். அவர் 50 கஜம் உதைத்தால், எதிரணி தன்னுடைய 25-ஆவது கஜத்திலிருந்து மைதானத்தின் முக்கால் பங்கைக் கடந்து வரவேண்டும்.

பந்தைக் கொடுத்துத்தான் ஆகவேண்டும். எந்த இடத்தில் கொடுப்பது என்பதே கேள்வி. அதற்கு விடை சொல்வது பன்டரின் கால்.

அந்த உதையைச் சற்று நெருங்கிப் பார்க்கலாம். பந்து தரையில் இருக்கும் கோட்டிலிருந்து சுமார் 15 கஜம் பின்னால் பன்டர் நிற்கிறார். லாங் ஸ்னாப்பர் என்ற வீரர் குனிந்து, தன் கால்களுக்கு நடுவே பந்தைப் பின்னோக்கி எறிகிறார். அது பன்டரின் கைக்கு வந்து சேர ஏறக்குறைய முக்கால் விநாடி. பிடித்த உடனே பந்தைத் திருப்பி, தையல் இருக்கும் பக்கத்தை மேலே கொண்டுவர வேண்டும். தையலில் கால் பட்டால் பந்து திசை மாறும். இரண்டு எட்டு வைப்பதற்குள் கையிலிருந்து பந்தை விட வேண்டும். பயிற்சியாளர்கள் நாள் முழுக்கச் சொல்லித் தருவது பந்தை விடும் இந்த முறையைத்தான். கால் எவ்வளவு வலுவாக இருந்தாலும், நிறைந்த டம்ளரை மேசைமேல் வைக்கிற கவனத்தோடு பந்தைக் காலுக்கு மேலே விடத் தெரியாதவர் பன்டர் ஆக முடியாது. மூக்கு சற்றுத் தூக்கியோ பக்கவாட்டில் சாய்ந்தோ விழுந்தால் பந்து பக்கத்திலிருக்கும் பார்வையாளர்களிடம் போகும்.

ஸ்னாப் என்ற அந்தப் பின்னெறிதல் தொடங்கி உதை வரை எல்லாம் சேர்த்து இரண்டு விநாடியை ஒட்டி முடிந்தாக வேண்டும். இழுத்தால், ஓடி வரும் எதிரணி ஆட்கள் கையை நீட்டித் தடுத்துவிடுவார்கள். அப்படித் தடுக்கப்பட்ட பன்ட் ஓர் ஊரின் நினைவில் எத்தனை காலம் தங்கும் என்பதற்கு அலபாமா மாநிலம் சாட்சி. 1972 டிசம்பர் 2 அன்று அலபாமா அணி 16-3 என்று முன்னிலையில் இருந்தபோது, ஆபர்ன் அணியின் பில் நியூட்டன் கடைசிக் கட்டத்தில் அடுத்தடுத்து இரண்டு பன்ட்களைத் தடுத்தார். இரண்டு முறையும் டேவிட் லாங்னர் பந்தை எடுத்துக்கொண்டு கோல்கோட்டைத் தாண்டி ஓடி டச்டவுன் போட்டார். ஆபர்ன் 17-16 என்று வென்றது. “பன்ட், பாமா, பன்ட்” என்று அந்த ஆட்டத்துக்கே பெயர் நிலைத்துவிட்டது.

தூரம் மட்டும் பார்த்து ஒரு பன்டரை எடை போட முடியாது. 60 கஜம் தாழ்வாகப் பறக்கும் பந்து எதிரணியின் வேகமான ஓட்டக்காரரிடம் போய்ச் சேரும். அவரைச் சுற்றிலும் ஆளே இருக்காது, பாதித் தூரத்தைத் திரும்ப ஓடியே மீட்டுவிடுவார். பந்து வானத்தில் நாலரை விநாடி நின்றால் கதை வேறு. அதற்குள் உதைத்த அணியின் ஆட்கள் 40 கஜம் ஓடிப் போய் அவர் முன்னால் நின்றுவிடுவார்கள். இந்த வானில் நிற்கும் நேரத்துக்கு ஹேங் டைம் என்று பெயர். மறுபக்கம், பந்து எதிரணியின் கோல்கோட்டைத் தாண்டி உருண்டுவிட்டால் அவர்களுக்கு 20-ஆவது கஜத்தில் இலவசமாகக் கிடைக்கும். எனவே கோட்டுக்கு நாலைந்து கஜம் முன்னால் பந்து நிற்பதுதான் உச்சம். அங்கிருந்து ஆடத் தொடங்கும் அணிக்கு ஒவ்வொரு அடியும் ஆபத்து.

இதை ஒரு கலையாக அமெரிக்கா பார்க்கத் தொடங்கியதற்குக் காரணம் ரே கை. ஜார்ஜியாக்காரரான அவர் சதர்ன் மிசிசிப்பி பல்கலைக்கழகத்தில் பன்டராகவும் தடுப்பாட்டக்காரராகவும் ஆடினார். 1973-இல் ஓக்லண்ட் ரெய்டர்ஸ் அணி, புதுமுகத் தேர்வின் முதல் சுற்றிலேயே, 23-ஆவது ஆளாக அவரை எடுத்தது. பன்டர் ஒருவரை முதல் சுற்றில் எடுப்பதா என்று பலரும் வியந்த காலம் அது. 1976-இல் நியூ ஆர்லியன்ஸ் உள்ளரங்கில் அவர் உதைத்த பந்து, கூரையிலிருந்து தொங்கிய தொலைக்காட்சித் திரையில் போய் மோதியது. மூன்று சூப்பர் பவுல் இறுதியாட்ட வெற்றிகளில் பங்கேற்று 1986 பருவத்தோடு ஓய்வு பெற்ற அவரை, தொழில்முறைக் கால்பந்தின் புகழ்மண்டபம் 2014-இல்தான் சேர்த்துக்கொண்டது. பன்டராக மட்டுமே ஆடி அங்கே இடம்பெற்ற முதல் ஆள் அவர். கால் நூற்றாண்டுக்கும் மேல் அவரைக் காத்திருக்க வைத்தது நியாயமே இல்லை. அவர் பெயரால் 2000-ஆம் ஆண்டு முதல் ஒவ்வொரு பருவத்திலும் மிகச் சிறந்த கல்லூரிப் பன்டருக்கு ரே கை விருது வழங்கப்படுகிறது.

அந்த விருதை வென்றவர்களின் வரிசையைப் பார்த்தால் ஒரு விசித்திரம் தெரியும். 2014 முதல் 2024 வரை 11 விருதுகள். அவற்றில் எட்டு ஆஸ்திரேலியர்களுக்கு. யூட்டாவின் டாம் ஹேக்கட் இரண்டு முறை, அவருக்குப் பின் அதே கல்லூரியின் மிட்ச் விஷ்னவ்ஸ்கி, டெக்சாஸின் மைக்கேல் டிக்சன், கென்டக்கியின் மேக்ஸ் டஃபி, ரட்கர்ஸின் ஆடம் கோர்சாக், அயோவாவின் டெய்லர், ஃப்ளோரிடா ஸ்டேட்டின் அலெக்ஸ் மாஸ்ட்ரோமானோ. விஷ்னவ்ஸ்கி பெர்த் நகரில் கண்ணாடி பொருத்தும் தொழிலாளியாக இருந்தவர். ஒரு நாட்டின் மிகப் பிரபலமான விளையாட்டில் ஓர் இடத்தை மட்டும் இன்னொரு நாட்டு இளைஞர்கள் இப்படிப் பிடித்துக்கொண்டது வேறெங்கும் எளிதில் காண முடியாத காட்சி.

அதன் வேர் மெல்போர்னில் இருக்கிறது. நேதன் சாப்மன் ஆஸ்திரேலிய ரூல்ஸ் கால்பந்து ஆடியவர். 2004-இல் அமெரிக்காவின் கிரீன் பே பேக்கர்ஸ் அணியில் பன்டராக இடம்பிடிக்க முயன்றார். பருவம் தொடங்குமுன்பே வாய்ப்பு நழுவியது. ஊர் திரும்பியவர், தனக்குக் கிடைக்காத வழியை மற்றவர்களுக்கு உண்டாக்க 2007-இல் புரோகிக் ஆஸ்திரேலியா என்ற பயிற்சிக்கூடத்தைத் தொடங்கினார். இருபதுகளின் தொடக்கத்தில், உள்ளூர் அணிகளில் ஆடிக்கொண்டு, ஏதோ ஒரு வேலை பார்த்துக்கொண்டிருந்த இளைஞர்கள் அங்கே வந்தார்கள். உதைக்கப் பழகினார்கள், கல்லூரிச் சேர்க்கைக்கான பாடத் தகுதிகளைச் சரிசெய்தார்கள், காணொளிகளை அமெரிக்கப் பயிற்சியாளர்களுக்கு அனுப்பினார்கள். நூற்றுக்கும் மேற்பட்டோர் இதுவரை உதவித்தொகையோடு அமெரிக்கக் கல்லூரிகளுக்குப் போயிருக்கிறார்கள்.

ஆஸ்திரேலியர்களின் கால் அப்படி என்ன வேறுபட்டது? ஆஸ்திரேலிய ரூல்ஸ் ஆட்டத்தில் களத்திலுள்ள எல்லோருமே உதைப்பவர்கள். சகவீரருக்குப் பந்தை அனுப்புவது பெரும்பாலும் உதையால்தான். ஓடிக்கொண்டே, ஆள் மோத வரும்போதே, ஐம்பது கஜத்துக்கு அப்பால் இருப்பவரின் மார்புக்கு நேராக உதைப்பதைச் சிறுவயதிலிருந்தே பழகியவர்கள் அவர்கள். டிராப் பன்ட் என்ற அவர்களுடைய உதையில், பந்தைச் செங்குத்தாகப் பிடித்து விட்டு அடிமுனையில் உதைப்பார்கள். பந்து பின்னோக்கிச் சுழன்றபடியே பறக்கும். தரையில் விழுந்ததும் முன்னால் உருளாமல் மேலே எழும்பும், சில சமயம் உதைத்தவரை நோக்கியே திரும்பிக் குதிக்கும். கோல்கோட்டுக்கு முன்னால் பந்தை நிறுத்தவேண்டிய பன்டருக்கு இதைவிட நல்ல ஆயுதம் கிடையாது. அமெரிக்கப் பிள்ளைகள் கற்றுக்கொண்டதோ சுருள் போலச் சுழன்று நீளமாகப் பாயும் உதை. அழகானது, ஆனால் விழுந்ததும் எங்கே ஓடும் என்று சொல்ல முடியாது.

கல்லூரி ஆட்டத்தின் விதிகளும் அவர்களுக்குச் சாதகம். தொழில்முறை லீகான என்.எஃப்.எல்.-இல், பந்து உதைபடும்வரை இரண்டு ஓரத்து ஆட்கள் மட்டுமே முன்னால் ஓடலாம். கல்லூரியில் ஸ்னாப் ஆன கணமே எல்லோரும் ஓடலாம். எனவே பன்டர் ஒரு பக்கமாக ஓடி, நேரத்தைக் கடத்தி, தன் ஆட்கள் கீழே போய்ச் சேர்ந்தபின் ஓட்டத்திலேயே உதைப்பது கல்லூரியில் பயன் தரும். எதிரே இடைவெளி தெரிந்தால் உதைக்காமல் பந்தோடு ஓடியும் விடலாம். ஓடிக்கொண்டே உதைப்பது அமெரிக்கப் பையனுக்குப் புதிது. மெல்போர்ன் பையனுக்குப் பழக்கம்.

டிக்சன் இதன் முழு வீச்சையும் ஒரே இரவில் காட்டினார். 2017 டிசம்பரில் நடந்த டெக்சாஸ் பவுல் ஆட்டத்தில் அவர் 11 முறை உதைத்தார். 10 பந்துகள் மிசூரி அணியின் 20-ஆவது கஜத்துக்கு உள்ளே முடங்கின. டெக்சாஸ் 33-16 என்று வென்றது. ஆட்டநாயகன் விருது பன்டருக்குப் போனது.

இதே இடத்திலிருந்து விழுந்தால் எவ்வளவு வலிக்கும் என்பதை 2015 அக்டோபர் 17 காட்டியது. ஆன் ஆர்பர் நகரின் மிச்சிகன் மைதானத்தில் ஒரு லட்சத்துக்கும் மேற்பட்ட கூட்டம். மிச்சிகன் 23-21 என்று மிச்சிகன் ஸ்டேட்டை முந்தி நிற்கிறது. மீதம் 10 விநாடி. பன்டர் பிளேக் ஓ’நீல், இவரும் ஆஸ்திரேலியர், அதே ஆட்டத்தில் முன்னதாக 80 கஜப் பன்ட் ஒன்றை உதைத்திருந்தார். பந்தை உதைத்து அனுப்பிவிட்டால் ஆட்டம் முடிந்தது. ஸ்னாப் தாழ்வாக வந்தது. கையில் நிற்கவில்லை. எடுத்து உதைக்கப் போனபோது எதிராளிகள் மேலே விழுந்தார்கள். நழுவிய பந்தைப் பிடித்த ஜேலன் வாட்ஸ்-ஜாக்சன் 38 கஜம் ஓடி, கடிகாரம் தீர்ந்த கணத்தில் டச்டவுன் போட்டார். 27-23. கொண்டாட்டக் குவியலுக்கு அடியில் கிடந்த வாட்ஸ்-ஜாக்சனின் இடுப்பெலும்பு பிசகி முறிந்திருந்தது.

ஓ’நீலுக்குச் சமூக ஊடகங்களில் வந்தவை ஒரு மாணவனுக்கு யாருமே அனுப்பக் கூடாத செய்திகள். பல்கலைக்கழக விளையாட்டுத் துறையின் அப்போதைய இடைக்காலத் தலைவர் ஜிம் ஹேக்கட் — பிற்பாடு ஃபோர்டு நிறுவனத்தின் தலைமை நிர்வாகி ஆனவர் — வெளிப்படையாக ஒரு கடிதம் எழுதி, அந்த மாணவன்மீது பாயவேண்டாம் என்று ரசிகர்களைக் கேட்டுக்கொள்ள நேர்ந்தது. ஆட்டத்தின் முதல் 59 நிமிடங்களில் மிச்சிகன் தவறவிட்ட எதற்கும் இவ்வளவு ஏச்சு விழவில்லை. மற்ற ஆட்டக்காரர்கள் ஓர் ஆட்டத்தில் அறுபது எழுபது முறை களத்தில் இருப்பார்கள். ஒன்று பிசகினால் அடுத்ததில் ஈடுகட்டலாம். பன்டருக்கு ஐந்தாறு வாய்ப்பு. அவற்றில் ஒன்றுதான் எல்லோருக்கும் நினைவிருக்கும்.

இவ்வளவு சுமை சுமப்பவரை அணிக்குள் எப்படிச் சேர்க்கிறார்கள்? அமெரிக்காவிலேயே வளர்ந்த பையன்களுக்குப் பாதை இன்னும் கரடுமுரடு. கல்லூரிப் பயிற்சியாளர்கள் உதைப்பவர்களைத் தேடி அலைவது குறைவு. பள்ளி மாணவர்கள் கோடை விடுமுறையில் ஊர் ஊராக நடக்கும் தனியார் உதைப் பயிற்சி முகாம்களுக்குப் பணம் கட்டிப் போய், அங்கே கிடைக்கும் தரவரிசையைக் கையில் வைத்துக்கொண்டு கல்லூரிகளை அணுகுகிறார்கள். பலர் வாக்-ஆன், அதாவது உதவித்தொகை இல்லாமல் சொந்தச் செலவில் படித்துக்கொண்டே அணியில் சேருபவர்கள். ஓரிரு ஆண்டு உழைத்து, முதல் இடத்தைப் பிடித்தபின் உதவித்தொகை கிடைத்தால் அது பெரிய நாள். 85 உதவித்தொகை என்று வரம்பு இருந்த காலத்தில் அதில் ஒன்றைப் பன்டருக்கு ஒதுக்க எல்லாப் பயிற்சியாளர்களுக்கும் மனம் வந்ததில்லை.

அயோவாவின் தலைமைப் பயிற்சியாளர் கிர்க் ஃபெரன்ட்ஸுக்கு அந்த மனம் வந்தது. தடுப்பாட்டத்தையும் பன்டையும் நம்பி ஆட்டத்தை இறுக்கிப் பிடிப்பது அவருடைய வழி. டெய்லர் 2020-இல், பெருந்தொற்றுப் பருவத்தில், 23 வயதுப் புதுமுகமாக வந்தார். அந்த முதல் ஆண்டிலேயே பிக் டென் பிரிவின் சிறந்த பன்டர் ஆனார். 2022-இல் சவுத் டக்கோட்டா ஸ்டேட்டுக்கு எதிராக அயோவா 7-3 என்று வென்ற ஆட்டத்தை ரசிகர்கள் இன்றும் பேசுவார்கள். ஒரு டச்டவுன்கூட இல்லாமல் வந்த ஏழு புள்ளிகள்: கம்பங்களுக்கு நடுவே உதைத்த ஒரு ஃபீல்டு கோல், எதிரணியை அவர்களுடைய கோல்கோட்டுக்குப் பின்னாலேயே மடக்கியதால் இரண்டு சேஃப்டி. எதிரணியை அந்த மூலையில் அடைத்தவை டெய்லரின் உதைகள்; அன்று 10 முறை உதைத்தார்.

2023-இல் தாக்குதலாட்டப் பயிற்சியாளரும் ஃபெரன்ட்ஸின் மகனுமான பிரையனின் ஒப்பந்தத்தில், அணி ஆட்டத்துக்குச் சராசரி 25 புள்ளிகள் எடுக்கவேண்டும் என்று நிபந்தனையே எழுதப்பட்டிருந்தது. அணி எட்டியது சுமார் 15. பருவம் முடியும் முன்பே, அடுத்த ஆண்டு அவர் தொடரமாட்டார் என்று அறிவிப்பு வந்தது. ஆனாலும் அணி நார்த்வெஸ்டர்னை 10-7 என்றும், இல்லினாயை 15-13 என்றும், நெப்ராஸ்காவை 13-10 என்றும் வென்றது. இந்த எண்ணிக்கைகளில் பன்டரின் பங்கு எங்கும் தனியாகப் பதிவாவதில்லை. ஆனால் ஒவ்வொரு முறையும் எதிரணி 20, 30 கஜம் கூடுதலாக நடக்கவேண்டியிருந்தது என்பதை மறந்துவிட்டு இந்த வெற்றிகளை விளக்க முடியாது. அயோவாவின் கின்னிக் மைதானத்தில் டெய்லர் உதைத்து முடித்ததும் கூட்டம் எழுந்து கைதட்டியது சரியான மரியாதை.

2021 ஜூலை முதல் கல்லூரி ஆட்டக்காரர்கள் தங்கள் பெயரையும் புகழையும் வைத்துச் சம்பாதிக்கலாம். டெய்லருக்கு அந்த வழி பெரிதும் அடைபட்டிருந்தது. மாணவர் விசாவில் இருக்கும் வெளிநாட்டவருக்கு வேலைக் கட்டுப்பாடுகள் உண்டு. “பன்ட் அடிப்பதே வெற்றி” என்ற பொருளில் வாசகம் பொறித்த அவருடைய டி-ஷர்ட்டுகள் விற்றபோது, வருமானம் சிசு இறந்து பிறப்பதைத் தடுக்கப் பாடுபடும் அமைப்பு ஒன்றுக்குப் போனது.

கல்லூரிக்குப் பிறகு கதவு மிகக் குறுகல். என்.எஃப்.எல்.-இல் 32 அணிகள், அணிக்கு ஒரு பன்டர். நாட்டில் மொத்தமே 32 வேலை. நன்றாக உதைப்பவர் ஒரே அணியில் பத்து ஆண்டுகள்கூட நீடிப்பார் என்பதால் காலியிடம் அரிது. 2024 புதுமுகத் தேர்வில் சிகாகோ பேர்ஸ் நான்காவது சுற்றில், 122-ஆவது ஆளாக டெய்லரை எடுத்தது. அதே ஆண்டு முதல் ஆளாகத் தேர்வான அவ்வணியின் தாக்குதலாட்டத்தை நடத்தும் குவார்ட்டர்பேக் கேலப் வில்லியம்ஸ், இங்கே உங்களுக்கு அதிகம் வேலை இருக்காது என்ற பொருளில் அவருக்குச் செய்தி அனுப்பினார். பேர்ஸ் அந்தப் பருவத்தில் 12 ஆட்டங்களில் தோற்றது. டெய்லருக்கு வேலை நிறையவே இருந்தது.

வயது இங்கே பெரிய தடையாக இல்லாதது ஓர் ஆறுதல். பாலித் தீவில் பச்சை குத்தும் கடை நடத்திய லூ ஹெட்லி, மயாமி பல்கலைக்கழகத்தில் படித்து முடித்து, 2023-இல் நியூ ஆர்லியன்ஸ் செயின்ட்ஸ் அணியில் புதுமுகமாக இறங்கியபோது அவருக்கு 30 வயது. பெரும்பாலானவர்களுக்கு அந்தக் கதவு திறப்பதில்லை. கடன் இல்லாத ஒரு பட்டத்தோடு ஊர் திரும்புகிறார்கள்.

இப்போது புள்ளிவிவரக்காரர்களின் பேச்சைக் கேட்டு, நான்காவது வாய்ப்பிலும் உதைக்காமல் முயன்று பார்க்கும் பயிற்சியாளர்கள் பெருகிவருகிறார்கள். பல சூழல்களில் அந்தக் கணக்கு சரிதான். ஆனால் உதைகளின் எண்ணிக்கை குறையக் குறைய, மிஞ்சும் ஒவ்வொன்றின் மதிப்பும் கூடுகிறது. சுமாரான பன்டரை வைத்துச் சமாளிக்கலாம் என்ற காலம் போய்விட்டது.

அடுத்த முறை தொலைக்காட்சியில் இந்த ஆட்டம் கண்ணில் பட்டால், நான்காவது வாய்ப்பில் எழுந்து போகாதீர்கள். பந்து காலை விட்ட நொடியிலிருந்து மனதுக்குள் எண்ணுங்கள். நான்கைத் தாண்டியும் பந்து கீழே வரவில்லை என்றால், நீங்கள் பார்ப்பது தேர்ந்த பன்டரை.